நம்ம காய்தான்

தேங்காய் நார் ஒட்டிய கைகளோடு என் நினைவில் நிற்கிற அப்பாவுக்கு,

வியாபாரிகள் சங்கத்தின் ஆண்டு மலரில் உங்கள் படத்துக்குக் கீழே எப்போதும் நாலு வரிதான் வரும். "எங்களை ஆறாத் துயரில் ஆழ்த்திச் சென்ற" என்று தொடங்கும். பிறகு கணேசன் பெயர், அவன் மனைவி பெயர், பிள்ளைகள் பெயர், கடைசியில் "மற்றும் உறவினர்கள்". உங்கள் மூத்த மகன் இத்தனை ஆண்டும் அந்த "மற்றும்" என்ற சொல்லுக்குள்தான் குடியிருந்தான். மலரை வாங்கிப் பார்ப்பேன். மடித்துப் பைக்குள் வைத்துக்கொள்வேன். யாரிடமும் ஒன்றும் சொன்னதில்லை.

இந்த ஆண்டு கணேசனால் எழுத முடியவில்லை. சங்கத்துக்காரர்கள் என்னைத் தேடி வந்தார்கள். "சார், பழைய நாலு வரியே போதும், பேரை மட்டும் மாத்திக்கிடலாம்" என்றார்கள். நாலு வரியில் அடங்குகிற சங்கதி இல்லை என்று சொல்லி இந்தப் பக்கங்களைக் கேட்டு வாங்கினேன். இதைப் பழவங்காடிக் கடைத்தெரு முழுவதும் படிக்கும் என்று தெரியும். படிக்கட்டும். நம் வீட்டுச் சண்டை அவர்களுக்குப் புதிதா என்ன?

கணேசனுக்கு இரத்தப் புற்றுநோய், அப்பா.

அம்மாதான் போனில் சொன்னாள். "மக்கா, தம்பிக்கு மேலுக்குச் சொகமில்ல, கேட்டியா?"

"எந்தத் தம்பிக்கு?" என்று கேட்டேன். எனக்கு இருப்பது ஒரே தம்பி.

"நான் பெத்தவனுக்குத்தாம்ல" என்றாள்.

நீங்கள் போன நாளை உங்களுக்கு நான்தான் சொல்லவேண்டும். நான் அப்போது புனேயில் ஓர் ஆய்வகத்தில் இருந்தேன். செய்தி வந்ததும் விமான நிலையத்துக்கு ஓடினேன். அங்கிருந்து கணேசனை அழைத்து, "வந்துகொண்டிருக்கிறேன், காத்திரு" என்றேன். "செரி" என்றான். அந்த ஒரு சொல் இன்றும் என் காதில் இருக்கிறது. கரமனையில் நம் வீட்டு வாசலில் நான் ஆட்டோவிலிருந்து இறங்கியபோது வீட்டைக் கழுவிவிட்டிருந்தார்கள். நடையில் ஈரம் காயவில்லை. கணேசன் மொட்டைத் தலையோடு தூணில் சாய்ந்து நின்றான்.

"மழை வந்துட்டு மக்கா. ஆளுவ எல்லாம் நின்னுக்கிட்டு இருந்தாவ" என்றாள் அம்மா.

தகப்பனுக்குக் கொள்ளி வைப்பவன் தலைமகன். தாய்க்கு இளையவன். இது நான் உண்டாக்கிய சட்டமில்லை. உங்கள் அப்பா இறந்தபோது, சித்தப்பா முந்திக்கொண்டு கொள்ளிப் பானையைத் தூக்கப் போனார். அவர் கையைப் பிடித்து நிறுத்தி, "அது எனக்குள்ளது" என்றவர் நீங்கள். சின்னப் பையனாக நின்று நான் அதைப் பார்த்திருக்கிறேன். எனக்குள்ளதை என் தம்பி எடுத்துக்கொண்டான். நான் யாருடைய கையைப் பிடித்து நிறுத்துவது? எரிந்து முடிந்திருந்ததே.

பிறகு நான் இந்த ஊருக்கே திரும்பி வந்தேன். மருத்துவ மாணவர்களுக்கு நோய் எதிர்ப்பியல் கற்பிக்கிறேன். உள்ளூர் என்ற பகுதியில் வீடு. கிழக்கேகோட்டைக்குப் பேருந்தில் போகும்போது நம் கடை இருக்கிற பக்கத்தில் உட்காரமாட்டேன். கணேசனும் என் பக்கம் வரவில்லை. ஒரே ஊருக்குள் இரண்டு வீடுகள், நடுவில் போய் வருகிறவள் அம்மா மட்டும்.

வெள்ளிக்கிழமை தோறும் வருவாள். தூக்குவாளியில் புளிக்கறி இருக்கும். கூடவே கணேசன் வீட்டுச் சங்கதி. முழுதாகச் சொல்லமாட்டாள், ஒரு துண்டுதான். "கடைய நீட்டிக் கட்டப்போறானாம்." "ஒன் படத்த பேப்பர்ல பாத்தான், வாயத் தொறந்து ஒண்ணும் மிண்டல்ல." துண்டை வைத்துவிட்டு ஒரு பெருமூச்சு விடுவாள். அவ்வளவுதான். எனக்கு அடுத்த வெள்ளிவரை போதும்.

வகுப்பில் இந்தப் பாடத்தை நடத்தும்போதெல்லாம் எனக்கு அம்மா நினைவு வரும். நம் தோலிலும் மூச்சுப்பாதையிலும் கிளை கிளையாகக் கை நீட்டிக்கொண்டு சில செல்கள் உட்கார்ந்திருக்கின்றன. ஒரு கிருமி உள்ளே வந்தால் அதை அப்படியே விழுங்கி, உள்ளே அமிலத்தில் போட்டுத் துண்டு துண்டாக நறுக்கும். பிறகு இருந்த இடத்தை விட்டுக் கிளம்பி, அக்குளிலும் கழுத்திலும் இருக்கிற நிணநீர்க் கணு வரைக்கும் நடந்து போகும். அங்கே டி செல்கள் கூடியிருக்கும். நறுக்கிய துண்டை ஒரு தாம்பாளத்தில் வைத்து அவற்றிடம் நீட்டும். இதில் ஆச்சரியம் என்னவென்றால், டி செல்லுக்கு முழுக் கிருமியைக் காணும் கண் கிடையாது. இன்னொரு செல் உடைத்து, தாம்பாளத்தில் வைத்துக் காட்டினால்தான் அதற்குத் தெரியும்.

துண்டு மட்டும் போதாது. காட்டுகிற செல் "ஆபத்து" என்று இன்னொரு குறிப்பும் கொடுக்கவேண்டும். அந்தக் குறிப்பு இல்லாமல் துண்டை மட்டும் பார்த்த டி செல், சண்டைக்குப் போகாது. சோர்ந்து அடங்கிவிடும். அம்மா அந்தப் பெருமூச்சை விடாமல் இருந்திருந்தால் நானும் அடங்கியிருப்பேனோ என்னவோ. அவளைக் குறை சொல்லவில்லை. அங்கே போய் என்னைப் பற்றிய துண்டுகளையும் இதே பெருமூச்சோடுதான் வைத்திருப்பாள். இரண்டு பிள்ளைகளில் யாரும் மற்றவனை மறந்துவிடக்கூடாது என்று நினைத்தாளோ? நாங்கள் மறக்கவில்லை. ஆனால் இத்தனை ஆண்டுகளில் கணேசனை முழு ஆளாக நான் பார்க்கவே இல்லை.

என் மாணவர்கள் எனக்கு வைத்திருக்கிற பெயர் உங்களுக்குப் பிடிக்கும். "தேங்காய் சார்." டி செல்லை விளக்க நான் உங்கள் கடையைத்தான் இழுப்பேன். சக ஆசிரியர்கள் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள். துறைத் தலைவர் பதவிக்கு என்னைத் தாண்டிப் போனவர், "சார் கிளாஸில் தேங்காயும் உடைப்பாரோ?" என்று கூட்டத்தில் வைத்தே கேட்டார். கேட்டுக்கொண்டேன். மறக்கவில்லை.

நான் வகுப்பில் சொல்வது இதுதான். பழவங்காடிக் கணபதி முன்னால் காயை எறிந்து உடைத்தவர், உள்ளே அழுகல் என்று கண்டால் ஒரு சில்லைப் பொறுக்கிக்கொண்டு நேரே கடைக்கு வருவார். "என்னவே, சாமிக்கு அழுகல் காயா கட்டிக் குடுக்குதீரு? ஆளுக முன்னால நாணக்கேடாப் போச்சு!" நீங்கள் பதில் பேசமாட்டீர்கள். சில்லை வாங்கி உள்ளங்கையில் வைத்துப் புரட்டுவீர்கள். ஓட்டை நகத்தால் சுரண்டுவீர்கள், பருப்பின் விளிம்பைப் பார்ப்பீர்கள். பிறகு இரண்டில் ஒன்று சொல்வீர்கள். "இது நம்ம காயில்ல வே." அப்படிச் சொல்லிவிட்டால் மந்திரியே வந்தாலும் மாற்றமில்லை. அல்லது, "நம்ம காய்தான்." அதைச் சொன்னால் உடனே வேறு காய் எடுத்துக் கொடுப்பீர்கள்.

டி செல்லும் கையில் வந்த சில்லைப் புரட்டிப் பார்த்து இந்தக் கேள்வியைத்தான் கேட்கிறது. நம்ம காயா, இல்லையா?

கணேசனுக்கு வந்திருப்பது கடினமான வியாதி. அவனுடைய சொந்தச் செல்களே கெட்டுப்போய்ப் பெருகுகின்றன. அவற்றின் சில்லைப் பார்த்து அவனுடைய டி செல்கள் "நம்ம காய்தான்" என்று விட்டுவிடுகின்றன. காய் நம்முடையதுதான். அழுகியது என்பதுதான் அவற்றுக்குத் தெரியவில்லை. மருந்து கொடுத்து அடக்கியிருக்கிறார்கள். ஆனால் வேறொருவருடைய இரத்தத்தின் மூல செல்களைக் கொடுத்து, புதிய டி செல்களை உள்ளே அனுப்பினால்தான் நிலைக்கும் என்றார்கள். அதற்கு அந்த வேறொருவரின் தாம்பாளமும் கணேசனின் தாம்பாளமும் ஒன்றுபோல் இருக்கவேண்டும். எச்.எல்.ஏ. பொருத்தம் என்பது அதுதான். தாம்பாளத்தின் வார்ப்பில் பாதி தகப்பனிடமிருந்து வருவது, பாதி தாயிடமிருந்து. கூடப்பிறந்தவர்களுக்குள் நாலில் ஒருவருக்குப் பொருந்தக்கூடும்.

அம்மாவுக்காகச் சோதனைக்கு இரத்தம் கொடுத்தேன். பொருந்தாது என்றுதான் நினைத்தேன். பொருந்தக்கூடாது என்று நினைத்தேனா? அதை இங்கே எழுதமாட்டேன்.

மருத்துவர் மலையாளத்துப் பெண். முடிவை முதலில் என்னிடம் மட்டும்தான் சொன்னார். முழுப் பொருத்தம். சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். "சாறே, இது சாருடைய இஷ்டம். வேண்டாமென்றால் என்னிடம் ஒரு வார்த்தை மதி, அது போதும். காரணம் நான் யாரிடமும் பறயில்லா. பொருத்தமான ஆள் கிடைக்கவில்லை என்று மட்டும் சொல்லுவேன்."

அந்த அறையில் உட்கார்ந்து நான் உங்களைத்தான் நினைத்தேன், அப்பா. கடையை அவனுக்குக் கொடுத்தீர்கள். வீட்டை அவனுக்குக் கொடுத்தீர்கள். "நீ படிச்சவன், ஒனக்கு எதுக்கு?" என்று என்னிடம் சொன்னீர்கள். நான் முனைவர் பட்டம் வாங்கிய அன்று வருவதாகச் சொல்லிவிட்டு, விநாயக சதுர்த்திக்குச் சரக்கு இறக்கவேண்டும் என்று தங்கிவிட்டீர்கள். எல்லாவற்றிலும் அவனுக்கு ஒரு பங்கு கூட என்று நான் நம்பியிருந்தேன். உங்களிடம் இருந்த இரண்டு வார்ப்புகளில் எனக்கு எதைக் கொடுத்தீர்களோ அதையே அவனுக்கும் கொடுத்திருக்கிறீர்கள். அம்மாவும் அப்படியே. உங்கள் கைக்கு எட்டாத இந்த ஒரு பாகப்பிரிவினையில்தான் எங்கள் இருவருக்கும் ஒரே பங்கு கிடைத்திருக்கிறது.

அதன் பிறகுதான் கணேசனைப் பார்க்கப் போனேன். மத்தியான நேரம். கைகழுவச் சொல்லி, முகமூடி கட்டி உள்ளே விட்டார்கள். மறுபடியும் மொட்டைத் தலை. இந்த முறை மருந்தால். உங்கள் நெற்றி, உங்கள் காது. ஒரு கணம் நீங்கள்தான் படுத்திருக்கிறீர்களோ என்றிருந்தது.

"வா" என்றான். "நிக்காத, இரி. ரொம்ப நேரம் நிக்கவிடமாட்டாவ."

உட்கார்ந்தேன். நலம் விசாரிக்க எனக்கு வரவில்லை. பல ஆண்டுகளாக ஒரே கேள்விதான் தொண்டையில் இருந்தது. "அன்னைக்கு ஏன் காத்திருக்கல?" என்றேன்.

அவன் மேலே பார்த்தான். "மழைன்னு அம்மை சொல்லியிருப்பாளே."

"சொன்னா."

"மழை அப்பவே விட்டுட்டு. ஆளுவளும் நிக்கேன்னுதான் சொன்னாவ. நாந்தான் எடுக்கச் சொன்னேன்."

என் பக்கம் தலையைத் திருப்பினான்.

"ஒனக்குப் படிப்பு இருந்து, வேல இருந்து, பேரு இருந்து. எனக்கு அப்பா மட்டுந்தான் இருந்தாவ. காலம்பற கட தொறக்கயிலேருந்து அடைக்கது வரைக்கும் கூட நின்னவன் நான். கடைசியில நீ பிளேன்ல வந்து எறங்கி அதையும் எடுத்துக்கிடுவேன்னு தோணிச்சு. விட மனசில்ல." மூச்சு வாங்கினான். "சாகக் கெடக்கேன், அதனால மன்னிப்புக் கேக்கேன்னு நெனைக்காத. கேக்கல்ல."

"நல்லது. கேட்டிருந்தா எந்திரிச்சுப் போயிருப்பேன்" என்றேன்.

அவனும் கட்டியிருந்த முகமூடிக்குள் சிரித்தது கண்ணில் தெரிந்தது. "அப்பாவாக்கும் பேசுகது" என்றான்.

அவன் கண் குழாயில் சொட்டுகிற மருந்துக்குப் போனது. பிறகு அவனாகவே சொன்னான். "ஒன் ரத்தம் எடுத்தாவளாம். பொருந்தினாலும் பொருந்தாட்டாலும் எனக்குத் தெரியாண்டாம். தர மனசில்லேன்னா அம்மைகிட்ட பொருந்தல்லேன்னு சொல்லிரு. ஒனக்கு சயன்ஸ் தெரியும், அவளுக்குத் தெரியாது. நான் ஒண்ணும் நெனைக்கமாட்டேன். நீ நெனைக்கதுல ஞாயம் உண்டு."

ஞாயம் உண்டு. இதைக் கேட்கத்தானே இத்தனை ஆண்டுகள் நான் அந்த மலரை வாங்கி மடித்து வைத்தேன்? கேட்ட பிறகு கையில் ஒன்றும் இல்லாதவன்போல இருந்தது. "வாறேன்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தேன்.

நடைவழியில் நீள பெஞ்சில் அம்மா உட்கார்ந்திருந்தாள். மடியில் அதே தூக்குவாளி. உள்ளே அனுமதிக்கவில்லை என்று அப்படியே வைத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கவில்லை. "டாக்டரம்மா என்ன சொன்னாவ மக்கா? பொருந்திச்சா?"

இரண்டு பேர் எனக்கு வழி விட்டிருந்தார்கள். மருத்துவரும் காரணம் கேட்கமாட்டார், தம்பியும் கேட்கமாட்டான். "பொருந்தவில்லை" என்று ஒரு சொல் போதும். தேங்காய் விற்றவரின் மனைவிக்கு எச்.எல்.ஏ. பற்றி என்ன தெரியும்? நான் சொன்னால் நம்புவாள். அவள் வாழ்க்கை முழுவதும் என் படிப்பை நம்பியவள்.

ஆனால் எனக்குத் தெரிந்த ஒரு கடைக்காரர் இருந்தார். அழுகல் சில்லைக் கையில் வைத்துக்கொண்டு, சுற்றிக் கூட்டம் நிற்க, "நம்ம காயில்ல" என்று ஒரு பொய் சொன்னால் தப்பிக்கலாம் என்ற நிலையில் அவரைப் பலமுறை பார்த்திருக்கிறேன். எனக்கும் அவருக்கும் எவ்வளவோ கணக்குத் தீரவில்லை. ஆனாலும் அந்த ஒரு பொய்யை அவர் சொல்லி நான் கேட்டதில்லை.

"நம்ம காய்தாம்மா" என்றேன்.

அம்மாவுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. உங்களோடு எத்தனையோ காலம் அந்தக் கடையில் நார் உரித்தவள். இந்தத் தடவை பெருமூச்சு விடவில்லை. "அப்ப மாத்திக் குடுக்கணும்லா" என்றாள்.

அவ்வளவுதான், அப்பா. மாற்றிக் கொடுக்கப் போகிறேன். ஊசி போடத் தொடங்கிவிட்டார்கள். எலும்புக்குள்ளிருந்து செல்கள் இரத்தத்துக்கு வருவதற்கான ஊசி. இடுப்பும் மார்பெலும்பும் குடைகின்றன. இதை எழுதும்போதும் குடைகிறது. இனி ஒரு நாள் ஒரு கையிலிருந்து இரத்தத்தை எடுத்து, இயந்திரத்தில் சுற்றவிட்டு, வேண்டியதைப் பிரித்துக்கொண்டு, மறுகையில் திருப்பி விடுவார்கள். அறுவை ஒன்றும் இல்லை.

மன்னித்துவிட்டாயா என்று நீங்கள் கேட்கலாம். மருத்துவரிடம் நான் வேறொன்றைக் கேட்டேன். பாடம் நடத்துகிறவன் நான், பதில் எனக்கே தெரியும், இருந்தாலும் கேட்டேன். தாம்பாளம் ஒன்றுதான். ஆனால் அதில் வைக்கிற சில்லுகள் சில அவனுக்கு வேறு, எனக்கு வேறு. என் டி செல்கள் அவன் உடம்புக்குள் போய் அந்தச் சில்லுகளைப் பார்த்தால் சண்டை போடாதா?

"போடும் சாறே" என்றார் அவர். "கொறச்சு வழக்கு நமக்கு வேணம். கூடிப்போனால் ஆபத்து." அவர்கள் பேச்சில் வழக்கு என்றால் சண்டை. என் செல்கள் அவனிடம் கொஞ்சம் கோபம் காட்டவேண்டும். அந்தக் கோபம்தான் மறைந்திருக்கிற அழுகலைத் தேடி அழிக்கும். கோபமே இல்லாவிட்டால் நோய் திரும்பி வரும் பயம் அதிகம். ஒரே கருவிலிருந்து பிரிந்ததால் எல்லாச் சில்லும் ஒன்றாக இருக்கிற இரட்டையரிடமிருந்து எடுத்தால் இந்தப் பயன் அவ்வளவு கிடைப்பதில்லை. கோபம் அளவு மீறினால் அவன் தோல், குடல், ஈரல் எல்லாம் எரியும். அதை அடக்க மருந்து கொடுப்பார்கள்.

ஆகவே அப்பா, மன்னிக்கவேண்டிய அவசியம் இப்போது இல்லை. என் கோபத்தில் கொஞ்சம் அவனுக்குத் தேவைப்படுகிறது. என்னிடம் அது இருக்கிறது. அளவு மட்டும்தான் எனக்குத் தெரியாது. அதை நீங்கள் பார்த்துக்கொள்வீர்களா? இல்லை, நீங்கள் போன அன்றைக்குப் போல எங்களை எங்கள் பாட்டுக்கு விட்டுவிடுவீர்களா?

பிழைப்பானா என்று கேட்காதீர்கள். எனக்குத் தெரிந்த விஞ்ஞானம் அதற்குப் பதில் சொல்லாது.

ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். உங்கள் திதி வருகிறது. இந்த ஆண்டு செய்ய நான் ஒருவன்தான் இருக்கிறேன். எனக்குள்ளதை எடுத்துக்கொள்ள இதைவிட நல்ல சந்தர்ப்பம் வராது. ஆனால் செய்யப்போவதில்லை. தவறிய திதியை ஆடி அமாவாசையில் செய்துகொள்ளலாம் என்று ஐயர் சொல்கிறார். தொற்றுக்குப் பயந்து இந்த ஆடிக்குக் கணேசனை மருத்துவர்கள் கூட்டத்துக்குள் விடமாட்டார்கள். ஒருவேளை அடுத்த ஆடிக்கும் விடமாட்டார்கள். எந்த ஆடியில் விடுகிறார்களோ அந்த ஆடியில் திருவல்லத்து ஆற்றங்கரையில் ஆளுக்கொன்றாக இரண்டு இலை போடுவோம். அதுவரை நீங்கள் பசியோடுதான் இருக்கவேண்டும். பொறுத்துக்கொள்ளுங்கள். அவனுக்காக நான் காத்திருக்கப் போகிறேன். காத்திருக்க முடியும் என்பதை அவன் பார்க்கவேண்டும்.

யாரையும் "மற்றும்" என்பதற்குள் வைக்காமல்,

உங்கள் தலைமகன் சுப்பிரமணியன்,
உங்களுக்குக் கொள்ளி வைத்த மகன் கணேசன்.